செங்கல்லுக்கு எத்தனை உபயோகம்

தலைநகரிலிருந்து பதினொரு மணி நேரம்.
வேனின் பின்னிருக்கையில் என்னோடு
நாற்பது விடைத்தாள், ஒரு நிறுத்தக் கடிகாரம்,
முந்நூறு பக்கக் கையேடு.
பிள்ளைகளின் கற்பனையை அளக்கப் போகிறேன் என்றதும்
ஓட்டுநர் தாம்பா கேட்டார்:
"எதில் அளப்பீர்கள், லிட்டரிலா?"
நான் சிரிக்கவில்லை.
அப்போது எனக்குப் பதில் தெரிந்திருந்தது.

மார்ச் மாதம். கோபியில் இன்னும் பனி.
பள்ளி விடுதியில் தங்கிப் படிக்கும் பிள்ளைகள்.
வீடு இந்த வாரம் எந்தச் சரிவில் இறங்கியிருக்கிறதென்று
அவர்களுக்கே தெரியாது.
புல் இருக்கும் பக்கம், அவ்வளவுதான்.

முதல் கேள்வி:
ஒரு செங்கல்லை எதற்கெல்லாம் பயன்படுத்தலாம்?
பத்து நிமிடம்.
கடிகாரத்தை அழுத்தினேன்.
காற்று கதவை உலுக்கியது.
கணக்கு வாத்தியார் பியாம்பா
கதவடியில் கிடந்த செங்கல்லைக் காலால் தள்ளி
இறுக்கிவிட்டு,
ஏதோ விடை சொல்லிக்கொடுத்துவிட்டவர் போல
என்னைப் பார்த்து விழித்தார்.

இரவு. அடுப்பில் சாணம் கனன்றது. திருத்த உட்கார்ந்தேன்.
நான்கு கட்டங்கள்: சரளம், நெகிழ்வு, புதுமை, விரிவு.
யாருக்கும் தோன்றாததற்கு இரண்டு.
எல்லாருக்கும் தோன்றுவதற்குச் சுழி.
எது யாருக்கும் தோன்றாது என்பதற்கு
பின்னிணைப்பில் ஒரு பட்டியல்.
பட்டியல் போட்டவர்கள்
லிஃப்ட் ஓடும் கட்டடத்தில், ஏழாம் மாடியில்,
ஜன்னலைச் சாத்திக்கொண்டு போட்டிருக்க வேண்டும்.

"சூடாக்கி, கம்பளியில் சுற்றி,
பிறந்த குட்டியின் வயிற்றடியில் வைக்க."
பட்டியலில் இல்லை. இரண்டு.
அடுத்த தாளிலும் குட்டி. இரண்டு.
அடுத்ததிலும்.
இருபத்தாறு பிள்ளைகள்
ஒரே ஆட்டுக்குட்டிக்கு ஒரே சூடு வைத்து
இருபத்தாறு மேதைகள் ஆனார்கள்.
வண்டிச் சக்கரத்துக்கு முட்டுக் கொடுக்க: இரண்டு.
கதவு பறக்காமல் இருக்க: இரண்டு.
பியாம்பாவின் காலுக்கும் ஒரு பங்கு போகட்டும்.

ஒத்கோன் என்ற பெண்
ஒரே ஒரு வரி எழுதியிருந்தாள்:
"நகராத வீடு கட்ட."

பட்டியலைப் பார்த்தேன்.
முதல் பக்கம், முதல் வரி: வீடு கட்ட.
சுழி.
பென்சில் கட்டத்துக்கு மேலே நின்றது.
நாற்பது தாளையும் திரும்பப் புரட்டினேன்.
வேறு ஒருவரும் எழுதவில்லை.

விளக்கை அவள் தாளுக்குக் கிட்டே இழுத்தபோதுதான் தெரிந்தது,
அந்த வரிக்கு மேலே ரப்பர் உரசிய வெளுப்பு.
குட்டி இருந்தது. சக்கரம் இருந்தது.
கதவுகூட, பாதி வார்த்தையில்.
எல்லாரும் இதைத்தான் எழுதுவார்கள் என்று
ஒவ்வொன்றாய் அழித்திருக்கிறாள்.
என் வேலையை எனக்கு முன்பே,
கையேடு இல்லாமல்,
என்னைவிடச் சரியாகச் செய்து முடித்திருக்கிறாள்.
அழித்ததற்கு மதிப்பெண் கிடையாது.
விதி பதினான்கு.

காலையில் உப்புப் போட்ட பால் தேநீரோடு வந்தாள்.
எத்தனை மார்க் என்று கேட்பாள்,
பொய் ஒன்று தயாராக வைத்திருந்தேன்.
அவள் கேட்டது வேறு:
"நகராத வீட்டுக்குள்ளே
காற்று எப்படிக் கேட்கும்?"

நான் முப்பது வருடம் அப்படிப்பட்ட வீட்டில் இருக்கிறேன்.
யோசித்தேன்.
யோசித்ததே இல்லை என்று தெரிந்தது.
"நீ என்ன நினைக்கிறாய்?" என்றேன்,
தப்பிக்கத்தான்.
"அதைத்தான் நேற்று நினைத்துக்கொண்டிருந்தேன்.
அதற்குள் மணி அடித்துவிட்டீர்கள்."

மீதமிருந்த வெற்றுத்தாள்களை
அவளிடமே விட்டு வந்தேன்.
கடிகாரத்தைப் பையின் அடியில் போட்டேன்,
துணிகளுக்குக் கீழே.

வழியில் வேன் பனியில் புதைந்தது.
தாம்பா இறங்கி, எங்கிருந்தோ ஒரு செங்கல் கொண்டுவந்து
பின்சக்கரத்துக்குக் கொடுத்துவிட்டுக் கேட்டார்:
"இதற்கு எத்தனை?"
"இரண்டு."
இந்த முறை சிரித்தேன்.

முப்பத்தொன்பது தாள் ஒப்படைத்தேன்.
நாற்பதாவது எங்கே என்று
அலுவலகம் இன்னும் கேட்டுக்கொண்டிருக்கிறது.
எழுதிக்கொண்டிருக்கிறாள் என்று
சொல்லியிருக்கிறேன்.